தமிழ்வழிச் சான்று கேட்டு மூன்றாவது மனு

அனுப்புநர்: கீழ்பவானி வாய்க்கால் மேட்டு வளவில் குடியிருக்கும் பட்டதாரிப் பெண் (பெயர், முகவரி தனித்தாளில்)

பெறுநர்: உயர்திரு மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்

பொருள்: மூடப்பட்ட தொடக்கப்பள்ளியில் 1 முதல் 5-ஆம் வகுப்பு வரை தமிழ்வழியில் படித்ததற்குச் சான்று கோருதல் – தொடர்பாக.

பார்வை: திங்கள்கிழமை குறைதீர் கூட்டத்தில் ஆடி மாதம் ஒன்றும், தீபாவளிக்கு முந்தைய வாரம் ஒன்றுமாக நான் நேரில் கொடுத்த இரண்டு மனுக்கள்.

ஐயா,

வணக்கம். வாய்க்கால் பாலம் தாண்டியதும் வேப்பமரத்தடியில் ஓட்டுக் கட்டடம் ஒன்று பூட்டிக் கிடப்பதைத் தாங்கள் பார்த்திருப்பீர்கள். தண்ணீர் திறந்த சமயம் கடைமடையைப் பார்வையிடத் தாங்கள் வந்த வழி அதுதான். அது நான் படித்த பள்ளிக்கூடம். பிள்ளைகள் குறைந்ததால் மூடி, நான்கு கிலோமீட்டர் தள்ளியுள்ள பள்ளியோடு இணைத்துவிட்டார்கள்.

1. தமிழ்வழியில் படித்தவர்களுக்கு அரசுப் பணி நியமனத்தில் 20 சதவீதம் என்று 2010-ல் சட்டம் வந்தது. பள்ளிப் படிப்பெல்லாம் ஆங்கிலவழியில் முடித்து, தொலைநிலைக் கல்வியில் பட்டம் மட்டும் தமிழ்வழியில் வாங்கியவர்களும் அதில் இடம் கேட்டதால் வழக்குகள் வந்தன. ஒன்றாம் வகுப்பிலிருந்தே தமிழ்வழியில் படித்திருக்க வேண்டும் என்று 2020-ல் சட்டத்தைத் திருத்தினார்கள். 2021-ல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையும் அதை ஏற்றது. நியாயமான திருத்தம்தான், ஐயா. எங்களைப் போன்றவர்களுக்காக வந்தது என்று அன்றைக்குச் சந்தோஷப்பட்டேன்.

2. ஆறாம் வகுப்பு முதல் பட்டம் வரைக்கும் எல்லாத் தமிழ்வழிச் சான்றும் என் கையில் இருக்கின்றன. முதல் ஐந்து வகுப்புகளுக்கு மட்டும் இல்லை.

3. அதற்காக நான் அலைந்ததைத்தான் தாங்கள் கேட்க வேண்டும். இணைத்த பள்ளிக்குப் போனேன். பழைய சேர்க்கைப் பதிவேடு தங்களிடம் வரவில்லை என்றார்கள். வட்டார அளவிலுள்ள கல்வி அலுவலகத்துக்குப் போனேன். மூடிய பள்ளியின் பதிவேடுகள் இணைத்த பள்ளியில்தான் இருக்கும் என்றார்கள். திரும்பவும் பள்ளி, திரும்பவும் அலுவலகம். எங்கள் சத்துணவு ஆயா நன்றாக நினைவு வைத்திருக்கிறார்: பள்ளியை மூடிய அன்று நோட்டுகளை எல்லாம் இரண்டு சாக்கில் கட்டி மொபட்டில் வைத்துக் கொண்டுபோனார்கள். எந்த அலுவலகத்தில் இறக்கினார்கள் என்று அவருக்குத் தெரியாது. இதுவரை பதினோரு தடவை போய்வந்துவிட்டேன். நான் தறிக் குடோனில் நூல் சுற்றித் தார் போடுகிறவள். போகாத நாளுக்குக் கூலி இல்லை, அதனால் சில தடவை எனக்குப் பதிலாக முட்டி வலியோடு அம்மா போய் நின்றார். கடைசித் தடவை நான் போனபோது கல்வி அலுவலக எழுத்தர், "ஏம் அம்மிணி, பள்ளிக்கூடமே இல்லாமப் போச்சு, நான் எதைப் பார்த்துக் கையெழுத்துப் போடறது?" என்றார். அவர் கெட்ட மனிதர் அல்ல, உட்காரச் சொல்லித் தண்ணீரும் கொடுத்தார். ஆனால் கையெழுத்து வரவில்லை.

4. சென்ற முறை சான்றிதழ் சரிபார்ப்பில் இந்த ஒரு தாள் இல்லாததால் என் தமிழ்வழிக் கோரிக்கை ஏற்கப்படவில்லை. தேர்வு நடத்தியவர்கள்மீது எனக்குக் குறையில்லை, விதி அப்படி. நான் அருந்ததியர். 2009-ஆம் ஆண்டு உள் ஒதுக்கீட்டுச் சட்டப்படி, பட்டியல் சாதியினருக்கான ஒதுக்கீட்டுக்குள் எங்களுக்கு 3 சதவீதம். உள் ஒதுக்கீடு செல்லும் என்று 2024 ஆகஸ்ட் 1-ஆம் தேதி உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னபோது எங்கள் வளவில் மிட்டாய் கொடுத்தோம். அந்த 3 சதவீதம் என்பது நூறு பணியிடத்துக்கு மூன்று. அந்த மூன்றில் பெண்களுக்கென்று ஒன்று. பணியிடங்களை ஒவ்வொரு பிரிவுக்கும் வரிசைப்படி பிரிக்கும் இனச்சுழற்சியில் அந்த ஒன்று தமிழ்வழிக்கென்று விழுவது எப்போதோ ஒரு தடவை. அந்த ஒரு தடவை என்னைத் தாண்டிப் போய்விட்டது, ஐயா. அடுத்து எப்போது வரும்? அப்போது எனக்கு எத்தனை வயதாகியிருக்கும்?

5. வழக்குப் போடு என்கிறார்கள். இடஒதுக்கீட்டுச் சான்றைப் பிந்திக் கொடுத்தாலும் ஏற்க வேண்டும் என்று டெல்லி வழக்கு ஒன்றில் 2016-ல் உச்ச நீதிமன்றம் சொன்னதைப் படித்தேன். தேதி தவறினால் உரிமை இல்லை என்று பிறகு வந்த தீர்ப்பும் இருக்கிறது. சரி, எந்தத் தீர்ப்பை நம்பி, எந்தக் காசில் சென்னைக்குப் போவது?

6. ஆதாரமே இல்லை என்றால் பேசாமல் இருந்துவிடுவேன். ஐந்தாம் வகுப்பு முடித்தபோது தந்த பதிவுத்தாளின் நகல் இருக்கிறது. அதை வைத்துத்தான் ஆறாம் வகுப்பில் சேர்த்தார்கள். அந்த உயர்நிலைப் பள்ளிப் பதிவேட்டிலும் என் பழைய பள்ளியின் பெயர் இருக்கிறது. என்னோடு படித்த நான்கு பேர், சத்துணவு ஆயா எல்லோரும் கையெழுத்துப் போடத் தயார். அரசுப் பள்ளிகளில் ஆங்கிலவழிப் பிரிவுகள் பரவலாக வந்ததே 2012-13-க்குப் பிறகுதான். நான் ஒன்றாம் வகுப்பில் சேர்ந்தது 2003-ல். இரண்டே ஆசிரியர்கள், ஒரே அறை, பாதிப் பிள்ளைகளுக்குச் செருப்பு இல்லை. அங்கே யார் ஐயா ஆங்கிலவழி நடத்தியிருப்பார்கள்? பள்ளியை மூடியது நானா? பதிவேட்டைத் தொலைத்தது நானா? தொலைத்தவர்களை யாரும் கேட்கவில்லை. நான் படித்தேன் என்பதை நான்தான் நிரூபிக்க வேண்டுமாம்!

கோபத்தில் எழுதிவிட்டேன், பொறுத்துக்கொள்ள வேண்டும். முதல் மனுவுக்கு ரசீது தந்தார்கள். இரண்டாவதுக்கு, உரிய அலுவலகத்துக்கு அனுப்பப்பட்டது என்று குறுஞ்செய்தி வந்தது. அதற்கப்புறம் ஒன்றும் வரவில்லை.

இந்தச் சான்றில் தலைமையாசிரியர்தான் என்றில்லை, கல்வி அலுவலரும் கையெழுத்திடலாம். பதிவுத்தாளையும் உயர்நிலைப் பள்ளிப் பதிவேட்டையும் பார்த்து எனக்குச் சான்று வழங்க உத்தரவிடுங்கள். அந்த இரண்டு சாக்குகளையும் தேடச் சொல்லுங்கள். என்னோடு படித்தவர்களின் பெயரும் அதில்தான் இருக்கிறது. அடுத்த சரிபார்ப்புக்குள் கையெழுத்து வேண்டும், ஐயா. அதை மட்டும் வாங்கிக் கொடுங்கள்.

இணைப்பு: பதிவுத்தாள் நகல், முந்தைய இரண்டு மனுக்களின் நகல், நான்கு பேரின் உறுதிமொழிக் கடிதங்கள்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள
மனுதாரர்