பூண்டி ஏரியும் மேயர் சத்தியமூர்த்தியும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மழைக்காலம் வந்துவிட்டால் உங்கள் நாளிதழில் சென்னைக்குக் குடிநீர் தரும் ஏரிகளின் நீர்மட்டப் பட்டியல் தினமும் வருகிறது. பூண்டிக்கு நேரே ‘மொத்த உயரம் 35 அடி, கொள்ளளவு 3,231 மில்லியன் கனஅடி’ என்று இருக்கும். அந்த ஏரியை ‘தீரர் சத்தியமூர்த்தி கட்டித் திறந்தார்’ என்று எழுதுகிறவர்கள் பலர். அவர் திறக்கவில்லை, அது நிரம்பியதைப் பார்க்கவும் இல்லை. நடந்ததை நடந்தபடி சொன்னால்தான் அவர் செய்த வேலையின் அருமை தெரியும்.

சென்னை மாநகராட்சித் தலைவருக்கு மேயர் என்ற பெயர் 1933-ல்தான் வந்தது. முதல் மேயர் எம்.ஏ.முத்தையா செட்டியார். பதவிக்காலம் ஓராண்டு. நிர்வாகம் முழுக்க அரசு நியமிக்கும் ஆணையரின் கையில். பெரிய திட்டம் என்றால் மாகாண அரசு ஒப்புதல் தர வேண்டும். மாமன்றத்தை நடத்துவது, வாதாடிப் பெறுவது, இந்த இரண்டும்தான் மேயருக்கு. திருமயத்துக்காரரான சத்தியமூர்த்தி 1939 நவம்பரில் அந்த நாற்காலியில் அமர்ந்தார். அதற்கு முந்தைய மாதம்தான் ராஜாஜியின் காங்கிரஸ் அமைச்சரவை ராஜினாமா செய்திருந்தது. மாகாணம் ஆளுநரின் நேரடி ஆட்சிக்குப் போய்விட்டது. உலகப் போரும் தொடங்கியிருந்தது. எந்த அரசை எதிர்த்துச் சிறை சென்றாரோ அதே அரசிடம்தான் நகரத்தின் தண்ணீருக்காகப் பேச வேண்டியிருந்தது.

அப்போது நகரம் தண்ணீருக்குத் தவித்தது. காரணம் மழைக்குறைவு மட்டுமல்ல. பொறியாளர் பிரேசரின் திட்டப்படி 1872 முதல், கொசஸ்தலை ஆற்றின் தாமரைப்பாக்கம் அணைக்கட்டிலிருந்து கால்வாய் வழியாகச் சோழவரத்துக்கும், அங்கிருந்து செங்குன்றம் (புழல்) ஏரிக்கும் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. ஆனால் கொசஸ்தலையில் வடகிழக்குப் பருவமழையின்போது சில நாள்கள்தான் வெள்ளம் ஓடும். அணைக்கட்டு தண்ணீரைத் திருப்பிவிடுமே தவிர, தேக்கி வைக்காது. கால்வாய் தாங்கும் அளவுக்குமேல் வந்த வெள்ளமெல்லாம் அணைக்கட்டைத் தாண்டி எண்ணூர் வழியாகக் கடலில் கலந்தது. புழலை எவ்வளவு ஆழப்படுத்தினாலும் இந்த இழப்பு நிற்காது. தாமரைப்பாக்கத்துக்கு மேலே ஆற்றை மறித்து, வெள்ளத்தைத் தேக்கி, பிறகு கால்வாய் கொள்ளும் அளவில் சிறிது சிறிதாகத் திறந்துவிடுவதே வழி. அந்த இடம்தான் பூண்டி. இன்று நாம் பார்க்கும் 16 மதகுகளுக்குப் பின்னால் இருக்கிற கணக்கு இதுதான்.

இதிலும் ஒரு குறை உண்டு. ஆற்று வழியாகத் திறந்துவிட்டால் மணல் ஒரு பங்கைக் குடித்துவிடும்; அகன்று கிடக்கும் ஏரியில் கோடை வெயில் இன்னொரு பங்கை எடுத்துக்கொள்ளும். பின்னாளில் இணைப்புக் கால்வாய்கள் தேவைப்பட்டதற்கு இதுவும் ஒரு காரணம்.

ஒப்புதல் கிடைத்து, 1940 ஆகஸ்டில் ஆளுநர் ஆர்தர் ஹோப் அடிக்கல் நாட்டினார். சத்தியமூர்த்தி மேயராகி ஒன்பதே மாதம்! சுமார் 65 லட்சம் ரூபாய் செலவில் 1944-ல் வேலை முடிந்தது. அதற்குள் அவர் இல்லை. 1942 ஆகஸ்ட் போராட்டத்தில் கைதாகி, அமராவதி சிறையில் உடல் நலிந்து, 1943 மார்ச் 28 அன்று சென்னை பொது மருத்துவமனையில் காலமானார். வயது 55.

முத்துலட்சுமி ரெட்டியின் தேவதாசி ஒழிப்பு முயற்சியை எதிர்த்தவர் அவர். அதை மறைக்க வேண்டியதில்லை. அந்த விஷயத்தில் அவர் நின்ற இடம் தவறு என்றே நினைக்கிறேன். ஆனால் அவரைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் மேடைப்பேச்சு, காமராஜரின் குரு என்ற இரண்டோடு நின்றுவிடுவது சரியல்ல. கையில் அதிகாரம் இல்லாத மேயர் ஒருவர் ஓராண்டுக்குள் ஒரு நீர்த்தேக்கத்துக்கு அடிக்கல் நாட்ட வைத்தார். மேயர், மாமன்ற உறுப்பினர் பதவிகளுக்கு வருகிற ஒவ்வொருவரும் படிக்க வேண்டிய பாடம் அது.

எனவே, 1939-40 ஆண்டின் மாமன்ற நடவடிக்கைக் குறிப்புகளில் குடிநீர் பற்றிய பகுதிகளைத் தொகுத்து, பொதுமக்கள் படிக்கும்படி மாநகராட்சி வெளியிட வேண்டும். உங்கள் நீர்மட்டப் பட்டியலிலும் பூண்டிக்குப் பக்கத்தில் ‘சத்தியமூர்த்தி சாகர்’ என்ற அந்த ஏரியின் இன்னொரு பெயரைச் சேர்த்து அச்சிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

வாசகர், திருவள்ளூர்