கச்சானில் குடை விரிக்காதே: நண்பனுக்கு ஒரு கடிதம்

திருகோணமலை
ஆனி மாதம்

அன்பின் நண்பா,

உன் கடிதமும் படங்களும் கிடைத்தன. இங்கே எல்லாரும் சுகம். கச்சான் காற்று தொடங்கிவிட்டது, மத்தியானத்தில் உப்புவெளிப் பக்கம் மணல் முகத்தில் அடிக்கிறது. நீ கனடாவில் பார்த்து வைத்திருக்கும், வாங்கி இங்கே கொண்டுவந்து பறக்க நினைக்கும் இரண்டு இருக்கை மோட்டர் பரசூட்டைப் பற்றிப் பேச இது தோதான நேரம்.

எஞ்சின் எத்தனை மணித்தியாலம் ஓடியது, விசிறி என்ன வகை என்று மூன்று பக்கம் எழுதியிருக்கிறாய். குடையை, அதாவது பரசூட் துணியைப் பற்றி ஒரே ஒரு வரி: "நிறம் கொஞ்சம் மங்கியிருக்கிறது." அந்த ஒரு வரிதான் மச்சான் எனக்கு யோசனை. பறப்பது குடை. எஞ்சினும் வண்டியும் நீயும் அதில் தொங்கும் பாரம்.

இந்தச் சாமானின் குணம் அது வந்த வழியிலேயே இருக்கிறது. 1797 ஒக்டோபர் 22ஆம் திகதி பிரெஞ்சுக்காரரான கார்னெரன் பரிஸில் பலூனிலிருந்து இறங்கிய குடைக்கு உச்சியில் ஓட்டை இல்லை. உள்ளே அடைபட்ட காற்று விளிம்பால் மாறிமாறி வழிய, கூடை ஊஞ்சலாய் ஆடியது. உச்சியில் துவாரம் வைக்கும் வழக்கம் அதன் பிறகு வந்தது. ஆனாலும் ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் பரசூட் என்றால் மெதுவாக விழ வைக்கும் துணி, அவ்வளவுதான். 1960களின் தொடக்கத்தில் பிரான்ஸில் லெமுவான் என்ற பொறியியலாளர் வட்டக் குடையில் பிளவுகள் வெட்டினார். காற்று பின்னால் பீறிட, குடை முன்னே நகர்ந்தது; கயிறு கட்டி இழுத்தால் மேலே ஏறவும் செய்தது. கடற்கரைகளில் வெள்ளைக்காரரைப் படகு இழுத்துத் தூக்குகிறதே, அதன் மூலம் இதுதான். இழுத்தால் ஏறும் குடையைப் பின்னாலிருந்து ஒரு விசிறி தள்ளினாலும் ஏறத்தானே வேண்டும்?

ஆனால் வட்டக் குடை நல்ல சிறகல்ல. சிறகைக் கொடுத்தவர் பட்டமும் பலூனும் செய்து பழகிய டொமினா ஜல்பேர்ட். 1964 ஒக்டோபர் 1ஆம் திகதி விண்ணப்பித்த காப்புரிமை 1966இல் அவருக்குக் கிடைத்தது. மேலே ஒரு துணி, கீழே ஒரு துணி, நடுவே துணிச் சுவர்கள், முன்னால் திறந்த வாய்கள். வாயால் நுழையும் காற்று அறைகளை உப்ப வைத்து விமானச் சிறகின் வடிவத்தைத் தருகிறது. ஒரு ஈர்க்குக்கூடக் கிடையாது. எங்கள் பொடியள் கட்டும் பட்டத்துக்கே மூங்கில் வேண்டும்! 1968இல் நொட்ரடாம் பல்கலைக்கழகப் பேராசிரியர் நிக்கொலைடிஸின் 'ஐரிஷ் ஃபிளையர்' இப்படிப்பட்ட குடையின் கீழே எஞ்சினை வைத்துப் பறந்தது. ஓட்டியவர் லோவெல் ஃபரண்ட். 1981இல் ஸ்டீவ் ஸ்னைடரும் கூட்டாளிகளும் பறக்கவிட்ட 'பராபிளேன்' விற்பனைக்கும் வந்தது. அதில் இரண்டு சிறிய எஞ்சின்கள், எதிரெதிராகச் சுழலும் இரண்டு விசிறிகள். ஒற்றை விசிறி ஒரு பக்கம் சுழன்றால் வண்டி மறுபக்கம் முறுகும் என்பதால் அந்த ஏற்பாடு. நீ பார்த்திருக்கும் ஒற்றை எஞ்சின் வண்டியில் அந்த முறுக்கை, வண்டியைக் குடையில் தொங்கவிடும் பட்டிகளின் நீளத்தாலும் கொழுவும் இடத்தாலும் சரிக்கட்டியிருப்பார்கள். ஆகவே இடது பட்டியும் வலது பட்டியும் சற்று வித்தியாசமாக இருந்தால் பிழையென்று நினைத்துச் 'சரி' செய்துவிடாதே.

இந்த வம்சத்திலிருந்து வந்த முக்கியமான குணம், வேகம் மாறாது. எஞ்சின் பலத்தைக் கட்டுப்படுத்தும் த்ரொட்டிலைக் கூட்டினால் ஏறும், குறைத்தால் இறங்கும். காற்றுக்குள் ஓடும் வேகம் கிட்டத்தட்ட அப்படியே நிற்கும். அதைத் தீர்மானிப்பவை குடையின் பரப்பும் தொங்கும் நிறையும். 500 சதுர அடிக் குடையின் கீழே நீ தனியாக ஏறினால் மொத்தம் 240 கிலோ, வேகம் மணிக்கு 45 கிலோமீற்றர் என்று வைத்துக்கொள். இன்னொருவர் ஏறி 320 கிலோவானால் வேகம் ஏறக்குறைய 52. நிறையின் வர்க்கமூலப்படிதான் கூடும். அதற்கு மேல் உன்னிடம் ஒன்றும் இல்லை.

இதைக் கச்சானோடு வைத்துப் பார். கரையிலிருந்து கடலுக்கு வீசும் காற்று. தரையில் மெதுவாகத் தெரிந்தாலும் 150 மீற்றருக்கு மேலே பலமாக இருக்கும். மேலே 40 கிலோமீற்றர் என்றால், கடலுக்குப் போகும்போது 85இல் பறப்பாய். இரண்டு நிமிடத்தில் கிட்டத்தட்ட மூன்று கிலோமீற்றர். திரும்பினால் தரைவேகம் 5. அந்த மூன்று கிலோமீற்றருக்கு 36 நிமிடம். காற்று இன்னும் ஐந்து கூடினால் நின்ற இடத்தில் நிற்பாய், எஞ்சின் மட்டும் மணிக்கு 15 லீற்றரளவில் குடித்துக்கொண்டிருக்கும். எஞ்சினை இன்னும் பலமான றோட்டக்ஸ் 582க்கு மாற்றினாலும் ஏற்றம்தான் கூடும். அப்படிக் காற்றில் அகப்பட்டால் ஒரே வழி தாழ இறங்கி, காற்று மெலிந்த உயரத்தில் கரை சேர்வது. கடலுக்கு மேல் அந்த வழியை நம்பி யார் போவான்?

நீ ஆசைப்பட்ட இரண்டு இடங்களையும் சொல்கிறேன். புறாத்தீவு நிலாவெளிக் கரையிலிருந்து ஏறக்குறைய ஒரு கிலோமீற்றர். எஞ்சின் நின்றால் இந்தக் குடை ஒரு மீற்றர் இறங்க நாலு மீற்றர் முன்னே போகும் என்று கொண்டால், காற்றில்லாத நேரம் 250 மீற்றர் உயரம் போதும். 20 கிலோமீற்றர் எதிர்க்காற்று இருந்தால் அதே தூரத்துக்கு 450 மீற்றர் வேண்டும். தீவு தேசியப் பூங்கா என்பதால் தாழப் பறக்கவும் கூடாது. கோணேசர் மலையின் கடல் பக்கம் இன்னும் மோசம். கச்சான் மலையைத் தாண்டி அந்தப் பக்கம் சுழித்து விழும். அந்தச் சுழிக்குள் போன குடையின் அறைகள் மடங்கும். படத்துக்கு அழகான பக்கமும் அதுதான், என்ன செய்வது. கீழே கோட்டையில் படையினர் இருக்கிறார்கள் என்பதும் சீனக்குடா விமானத் தளம் பக்கத்தில் என்பதும் நீ அறியாததல்ல. சிவில் விமான சேவை அதிகார சபையின் அனுமதி எழுத்தில் கைக்கு வராமல் பெட்டியைக் கப்பலில் ஏற்றாதே.

பறக்கத் தோதான காலம் பங்குனி, சித்திரை. விடிந்து இரண்டு மணித்தியாலம், அவ்வளவே. வெயில் ஏறக் கடல்காற்று கரைக்குக் குறுக்கே வரும், இது குறுக்குக் காற்றில் எழும்பும் சாமானல்ல. கடற்கரை மணலை விட, உள்ளே அறுவடை முடிந்த காய்ந்த வயல் நல்லது. எந்தத் திசைக் காற்றுக்கும் வண்டியைத் திருப்பலாம்.

இனி வாங்குமுன் பார்க்க வேண்டியது. குடையை நிழலில் விரித்து, மேல் துணியின் முன்பகுதியைக் கீழ்த் துணியோடு ஒப்பிடு. வெயில் முதலில் தின்பது அந்த இடத்தை. துணியை உதட்டில் இறுக்கி ஊதிப் பார். புதுத் துணி மூச்சை விடாது. சுலபமாகக் காற்றுப் போனால் அந்தக் குடை மெதுவாக நிரம்பும், ஓடும்போது பின்னால் தொங்கி நிற்கும், இறங்கும்போது கடைசி நேரத்தில் தூக்கித் தராது. இது முதல் சல்லடை மட்டும். காசு கொடுக்குமுன் காற்றுப்போக்கையும் கிழிவுப் பலத்தையும் கருவியால் அளக்கும் ஒருவரிடம் காட்டு. கயிறுகளை இடதும் வலதுமாகச் சோடி சேர்த்து அள. ஸ்பெக்ட்ராக் கயிறு சூட்டிலும் உராய்விலும் சுருங்கும்; கெவ்லர்க் கயிறு மடிந்த இடத்தில் உள்ளுக்குள்ளேயே முறியும், வெளியே தெரியாது.

எஞ்சின் றோட்டக்ஸ் 503 என்றால் மணிக்கணக்கை அப்படியே நம்பாதே. புகைக்குழாயைக் கழற்றி, துவாரத்தால் பிஸ்டனைப் பார். நெடுக்குக் கீறல் இருந்தால் ஒருமுறை பிடித்து இறுகிய எஞ்சின். மரக்குச்சியால் பிஸ்டன் றிங்கை மெல்ல அமுக்கு. துள்ளினால் நல்லது, துள்ளாவிட்டால் கரி பிடித்திருக்கிறது. காபரேற்றரைப் பொருத்தும் றப்பரை வளைத்துப் பார். அதில் வெடிப்பு இருந்தால் வெளிக்காற்று புகுந்து கலவையில் பெற்றோல் குறையும், சூடு ஏறும், பிஸ்டன் உருகும். சும்மா கிடந்த எஞ்சினில் பெரும்பாலும் இதுதான் முதல் வருத்தம்.

இங்கே 92 ஒக்டேன் பெற்றோலே போதும். அதில் 20 லீற்றருக்கு 400 மில்லிலீற்றர் எண்ணெய் கலக்கவேண்டும், ஒன்றுக்கு ஐம்பது. எண்ணெய் விஷயத்தில் ஒரு எச்சரிக்கை: மீன்பிடிப் படகு எஞ்சினுக்கு விற்பது தண்ணீரில் குளிரும் எஞ்சினுக்கானது. 503 காற்றில் குளிர்வது, அதைவிடச் சூடாக ஓடும். ஏபிஐ டிசி என்ற தரக்குறி போட்ட எண்ணெய் கேள். ஸ்டாட் பண்ணியவுடன் முழு த்ரொட்டில் கொடுக்காதே. அலுமினியப் பிஸ்டன் முதலில் விரியும், சிலிண்டர் பிறகு விரியும். அந்த இடைவெளியில்தான் இறுகும்.

எழும்பும் முறை உனக்குத் தெரியும், ஆனாலும் பிழை நடக்கும் இடத்தைச் சொல்லாமல் விட முடியவில்லை. குடை முதுகு நிலத்தில், பின்விளிம்பு வண்டிப் பக்கம், கயிறுகள் மேலே சிக்கின்றி. த்ரொட்டிலைத் தயங்காமல் கொடுத்தால் குடை விசிறிக் காற்றைத் தாண்டித் தலைக்கு மேலே வரும். அப்போது அண்ணாந்து மூன்றைப் பார்: கயிறு ஒன்றும் குடைக்கு மேலால் போகவில்லை, எல்லா அறையும் நிரம்பிவிட்டது, குடை நேர் நடுவில் நிற்கிறது. மூன்றும் சரியென்றால்தான் முழுப் பலம். குடை வலதுக்குச் சாய்ந்தால் குடையின் பின்விளிம்பை இழுக்கும் கால் கம்பிகளில் இடது பக்கத்ததை அமுக்கி நடுவுக்குக் கொண்டுவா. சாய்ந்த நிலையில் பலத்தைக் கூட்டினால் குடை அந்தப் பக்கமே பூட்டி, வண்டியைக் குப்புற இழுக்கும். வண்டி கவிழும் விபத்துகள் அநேகம் இப்படித்தான்.

இறங்கும்போது தாழ வந்தபின் த்ரொட்டிலைச் சட்டென்று மூடாதே. வண்டி பின்னால் ஊஞ்சலாட, குடை முன்னே பாயும், நிலம் எதிர்பாராத வேகத்தில் வரும். கொஞ்சம் பலம் வைத்தே இறங்கி, மூன்று மீற்றரளவில் இரண்டு கால் கம்பியையும் சேர்த்து அமுக்கு. சில்லு தொட்டதும் எஞ்சினை நிறுத்து. விசிறி நிற்குமுன் குடை விழுந்தால் கயிறு முழுவதும் விசிறியில் சுற்றும்.

இந்த உப்புக்காற்றில் ஒவ்வொரு பறப்புக்குப் பிறகும் வண்டியை நல்ல தண்ணீரால் கழுவவேண்டும். குடையை மணல் தட்டி, நிழலில் உலர்த்தி, தளர்வாக மடி.

அடுத்த கடிதத்தோடு மூன்று படம் அனுப்பு: குடையின் பெயர்த் துணியில் உள்ள வருடமும் இலக்கமும், புகைத் துவாரத்தால் தெரியும் பிஸ்டன், காபரேற்றர் றப்பர் இரண்டும். குடை மோசம் என்றால் வண்டிக்குக் கேட்கும் விலையில் புதுக்குடையின் விலையைக் கழித்துக் கேள். விற்பவர் ஒத்துக்கொள்ளாவிட்டால் விட்டுவிடு.

அன்புடன்,
உன் பழைய நண்பன்