பச்சைக் கோலி

மாப்ளே,

எட்டு மாசமாய் நான் எழுதவில்லை, திட்டுவதை நேரில் வைத்துக்கொள். வீட்டில் எல்லோரும் சுகம். என் முட்டிவலி மட்டும் ரோமாபுரி வரை கூடவே வந்து பத்திரமாய்த் திரும்பிவிட்டது. ஆமாம்டா, போய் வந்துவிட்டேன், மகள் டிக்கெட் போட்டுக் கொடுத்தாள்.

வத்திக்கானை விடு, அதை எல்லோரும் போட்டோவில் காட்டிவிட்டார்கள். ஊருக்கு வெளியே அப்பியா என்ற பழைய ரோமைச் சாலையில் புனித கலிஸ்து நிலத்தடிக் கல்லறை என்று ஒன்று. வேதகலாபனைக் காலத்தில், அதுதான் ரோமை அரசு கிறிஸ்தவர்களைத் துன்புறுத்திய காலத்தில், அவர்கள் மாசக்கணக்காய் ஒளிந்து வாழ்ந்த குகை என்று நம் வார்டன் ஃபாதர் கதை விடுவாரே, எல்லாம் சும்மா! ஊருக்குள் பிணம் புதைக்க ரோமைச் சட்டம் விடாது, அதனால் வெளியே போனார்கள், அவ்வளவுதான். ரகசியமும் இல்லை. கி.பி. 258-ல் இரண்டாம் சிக்ஸ்து போப்பை ரோமைப் படைவீரர்கள் கல்லறையில் வைத்தே கொன்றிருக்கிறார்கள், இடம் தெரியாமலா வந்தார்கள்? அடியில் எரிமலைச் சாம்பல் இறுகிய பாறை, வெட்ட லேசு, காற்றுப் பட்டால் கெட்டிப்படும். ஆகவே கீழே கீழே தோண்டி நாலு அடுக்கு, சுமார் 20 கிலோமீட்டர் சந்து, இரண்டு பக்கச் சுவரிலும் பரண் மாதிரி குழிகள்.

கலிஸ்து யார் தெரியுமா? அடிமை. எஜமான் நம்பிக் கொடுத்த வட்டிக்கடைப் பணத்தைத் தொலைத்துவிட்டு ஓடி, கப்பலில் மாட்டி, கடலில் குதித்து, கடைசியில் சார்தீனியாச் சுரங்கத்துக்குப் போனவர். (எழுதி வைத்தது அவருடைய பரம எதிரி இப்போலித்து, கொஞ்சம் தள்ளுபடி பண்ணிக்கொள்.) அப்புறம் செபிரீனு போப் இந்தக் கல்லறையை அவர் பொறுப்பில் விட, 217 வாக்கில் அவரே போப்! நம் சீட்டு மச்சானிடம் சொல், இன்னும் காலம் இருக்கிறது.

ஒன்பது போப்புகள் கிடந்த அறையை எல்லோரும் மறந்தே போயிருந்தார்கள். 1849-ல் தெ ரோசி என்ற தொல்லியல் ஆய்வாளர் திராட்சைத் தோட்டத்தில் பாதிப் பெயர் இருந்த பளிங்குத் துண்டு ஒன்றைப் பார்த்து, இது கொர்னேலியு போப்பின் கல் என்று அடித்துச் சொன்னார். 1852-ல் மீதித் துண்டு கிடைத்தது, 1854-ல் அந்த அறையும்.

ஆனால் மாப்ளே, எனக்குத் தொண்டை அடைத்தது வேறு இடத்தில். பெயர் வெட்டக் காசில்லாதவர்கள், குழியை மூடின சாந்து காய்வதற்குள் ஒரு காசு, சிப்பி, கண்ணாடிக் கிண்ணத்தின் அடித்துண்டு என்று கைக்குக் கிடைத்ததைப் பதித்துவிட்டுப் போவார்களாம், அடுத்த முறை வந்தால் நம் ஆள் எங்கே என்று அடையாளம் தெரிய. வழிகாட்டிப் பெண் சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டாள், நான் நின்றுவிட்டேன்.

அப்பாவைப் புதைத்த அன்று ஈரச் சிமெண்டில் உன் பச்சைக் கோலியை அழுத்தினாயே, அந்தச் சண்டைக்காரக் கோலி. ஊரில் கல்லறைத் தோட்டத்தைச் சீர்செய்கிறார்களாம், பழைய மேடுகளை எடுக்கிறார்களாம். கல்லறைத் திருநாள் வரை காத்திராதே. நாளைக்கே போய், கோலி இருக்கிறதா பார்த்து ஒரு போட்டோ அனுப்பு.