தமிழ்த் தினப் போட்டிக்காகப் புதுக்கடை நீதிமன்றம் ஏற முடியுமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

பாடசாலைத் தமிழ்த் தினப் போட்டி முடிந்து இரண்டு மாதம் கழித்து எழுதுகிறேன். அன்றைக்கே எழுதியிருந்தால் யார் யாரையோ திட்டித் தீர்த்திருப்பேன்.

தரம் 8 படிக்கும் என் மகளுக்குப் பாடசாலை மட்டப் பேச்சுப் போட்டியில் முதலிடம் என்று அறிவித்தார்கள். அடுத்த கட்டமான கோட்ட மட்டப் போட்டிக்குப் போன பட்டியலிலோ வேறு பிள்ளையின் பெயர் இருந்தது. விசாரிக்கப் போன என் மனைவிக்கு அன்று தோட்டத்தில் அரைப்பேர்தான், அதாவது அரை நாள் சம்பளம்தான் விழுந்தது. "நடுவர்கள் திரும்பப் பார்த்தார்கள்" என்ற ஒரு வரியோடு அனுப்பிவிட்டார்கள். புள்ளித்தாளைக் காட்டவும் இல்லை, காரணத்தை எழுதித் தரவும் இல்லை. அந்த மற்றப் பிள்ளையும் நன்றாகப் பேசுவாள், அவள் மேல் எங்களுக்கு ஒரு கோபமும் கிடையாது.

1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியாவுக்கு, கூடலூருக்குப் போன எங்கள் சித்தப்பாவின் மகளைக் கேரளத்து வயநாட்டில் கட்டிக் கொடுத்திருக்கிறார்கள். போனில் இதைச் சொன்னதும், "இங்கே என்றால் இந்நேரம் அப்பீல் போட்டிருப்போம் அண்ணே" என்றாள். கேரளத்தில் 1957இல் தொடங்கிய பள்ளிக் கலைவிழாவான கலோத்சவத்தில், மாவட்டத்தில் தோற்ற பிள்ளை பணம் கட்டி மேன்முறையீடு செய்யலாம். அதுவும் சரிவராவிட்டால் ஹைகோர்ட், லோகாயுக்தா என்ற ஊழல் விசாரணை அமைப்பு, குழந்தைகள் உரிமை ஆணையம் என்று போய் உத்தரவோடு மாநில மேடைக்கு வந்தவர்களும் உண்டு. இப்படிப் பிள்ளைகள் கூடிக்கூடி நிகழ்ச்சிகள் நள்ளிரவைத் தாண்டிவிடுமாம். 2018இல் திருச்சூரில் நடந்தபோது அந்த ஆணையத்தின் பெயரில் போலி உத்தரவுகளே பிடிபட்டன. பெற்றோர் கொஞ்சம் அடங்க வேண்டும் என்ற தொனியில் ஹைகோர்ட்டே சொல்லும் அளவுக்குப் போய்விட்டது. வக்கீல் பிடிக்க வசதி உள்ள வீட்டுப் பிள்ளைக்கு இரண்டாவது மேடை கிடைக்கிற அந்தக் கூத்து எங்களுக்கு வேண்டாம்.

அதற்காக ஒன்றுமே இல்லாமல் இருக்கலாமா? நம் இலங்கையில் அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின்படி அடிப்படை உரிமை மனுவை ஒரு மாதத்துக்குள், நாட்டின் தலைமை மன்றமான உயர் நீதிமன்றத்தில் போட வேண்டும். தோட்டத்து நாட்சம்பளக் காசை வைத்துக்கொண்டு, ஒரு பேச்சுப் போட்டிக்காகக் கொழும்புப் புதுக்கடையில் லோயர் தேடுகிற லயத்து வீடு எது? மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறையிடச் செலவில்லை, ஆனால் விசாரணை முடியும்வரை அடுத்தடுத்த வலயப் போட்டியும் மாகாணப் போட்டியும் காத்திருக்கப் போவதில்லையே.

நான் கடைசியில் 2016ஆம் ஆண்டுத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் புள்ளித்தாளைக் கேட்டு எழுதினேன். தருவார்களா இல்லையா என்ற முடிவைச் சொல்லவே 14 வேலை நாள் அவகாசம் உண்டு, எங்களுக்கோ பாடசாலைப் போட்டிக்கும் கோட்டப் போட்டிக்கும் இடையில் இருந்ததே ஒரு வாரம்தான். தாள் கைக்கு வந்தபோது வலயப் போட்டியும் முடிந்திருந்தது. அந்த மற்றப் பிள்ளையை விட மகளுக்கு இரண்டு புள்ளி கூட. திருத்தியதற்கான அடையாளமோ கையெழுத்தோ எதுவும் அதில் இல்லை. இதை வைத்துக்கொண்டு இனி யாரிடம் போய் என்ன கேட்பது!

கேட்பது பெரிய விடயமில்லை. போட்டி நடந்த அன்றே நடுவர்கள் கையெழுத்திட்ட புள்ளித்தாளை அறிவித்தல் பலகையில் ஒட்டுங்கள். பெயரை மாற்றினால் காரணத்தைப் பெற்றோருக்கு எழுத்தில் கொடுங்கள். அப்புறம், வேறு பாடசாலை ஆசிரியர்கள் மூன்று பேரை வலயக் கல்விப் பணிமனை முன்கூட்டியே நியமித்து வைத்தால், முறைப்பாட்டை இரண்டு நாளில் காசு வாங்காமல் பார்த்து முடிக்கலாம். பேச்சைப் போனிலேயே பதிவு செய்து வைக்கலாம், இப்போது எந்த டீச்சர் கையில்தான் போன் இல்லை? அடுத்த ஆண்டுப் போட்டிக்கான சுற்றுநிருபம் வருவதற்குள் அதிகாரிகள் இதைச் சேர்த்துவிட வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு தந்தை,
ஹட்டன்.