படித்துவிட்டு மறுங்கள்: ஆய்விதழ் ஆசிரியர் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஆசிரியர் குழுவினருக்கு,

வணக்கம். நீங்கள் திருப்பி அனுப்பிய 'தொகைநிலைக் கோட்பாடு' என்ற என் கட்டுரை வந்து சேர்ந்தது. 'இதழின் துறைக்குப் பொருந்தவில்லை' என்ற ஒற்றை வரியும் கூடவே வந்தது. முன்கதை உங்களுக்குத் தெரியும். தத்துவக்காரர்களிடம் போனால் இது இலக்கணம் என்கிறார்கள். இலக்கணக்காரர்களிடம் போனால் தத்துவம் என்கிறார்கள். இரண்டுக்கும் இடம் தருவதாகச் சொல்லும் இதழ் என்றுதான் உங்களிடம் வந்தேன். மறுப்பது உங்கள் உரிமை. நான் கேட்பது ஒன்றுதான்: படித்துவிட்டு மறுங்கள்.

படிக்கவில்லை என்பது எனக்கு எப்படித் தெரியும்? ஐந்தாம் பக்கத்தில் ஊறுகாய் பற்றிய வரியைப் பென்சிலால் வட்டமிட்டு, ஓரத்தில் 'சமையல் குறிப்பா?' என்று எழுதியிருக்கிறது. முதல் நான்கு பக்கங்களில் ஒற்றுப்பிழையைக்கூட விடாமல் திருத்தியவரின் பென்சில், அந்த வட்டத்துக்குப் பிறகு ஒரு பக்கத்திலும் படவில்லை.

ஐயா, ஊறுகாய் பள்ளிப் பிள்ளைகள் படிக்கும் உதாரணம். ஊறிய காய், ஊறுகின்ற காய், ஊறும் காய் என்று மூன்று காலமும் அந்த ஒரு சொல்லுக்குள் அடக்கம். காலம் கரந்த பெயரெச்சம் என்று வினைத்தொகைக்கு நன்னூல் இலக்கணம் சொல்கிறது. எங்கள் வீட்டுச் சாமான் அறையில் பீங்கான் ஜாடி ஒன்று இருக்கிறது. மாவடு போட்ட சில நாளில் திறந்து பார்த்தால் அடியில் கிடப்பது சுருங்கிவிட்டிருக்கும், நடுவில் இருப்பது சுருங்கிக்கொண்டிருக்கும், மேலே மிதப்பது பச்சையாகவே இருக்கும். உலகப் பொருள் எல்லாமே அடிப்படையில் இப்படித் தொகையாக, காலம் பிரியாமல் உள்ளே அடங்கித்தான் இருக்கிறது, சொல்லாக விரியும் இடத்தில்தான் இறப்பு, நிகழ்வு, எதிர்வு என்று காலம் பிறக்கிறது என்பதே என் கோட்பாடு. அந்த வரியைத் தாண்டாதவருக்குக் கோட்பாடு எப்படித் தெரியும்?

பிறர் சொன்னதையே வேறு சொல்லில் எழுதியிருக்கிறேன் என்றும் யாரும் தள்ளிவிட முடியாது. அமெரிக்கப் பழங்குடியினரின் ஹோபி மொழியில் காலத்தைக் குறிக்கும் வடிவங்களே இல்லை என்று மொழியியலாளர் வோர்ஃப் சொன்னதை, இன்னொரு மொழியியலாளரான எக்கெஹார்ட் மலோட்கி 1983இல் அம்மொழியின் சான்றுகளைக் கொண்டே மறுத்துவிட்டார். தமிழர் காலத்தை வேறுவிதமாகக் காண்கிறார்கள் என்று நான் எங்கும் எழுதவில்லை. எந்த மொழி விரித்தாலும் காலம் பிறக்கும் என்கிறேன். காலத்தைச் சொற்பிரம்மத்தின், அதாவது சொல்லே வடிவான பரம்பொருளின், ஆற்றலாகக் கண்ட வடமொழி இலக்கண அறிஞர் பர்த்ருஹரியிடமிருந்து எங்கே விலகுகிறேன் என்பதும் கட்டுரையில் இருக்கிறது. காலம் மெய்யல்ல என்று 1908இல் வாதிட்ட ஆங்கிலேயத் தத்துவ அறிஞர் மெக்டகார்ட், ஒரே நிகழ்ச்சி எதிர்வாகவும் நிகழ்வாகவும் இறப்பாகவும் இருக்க வேண்டியிருப்பது முரண் என்றார். தொகைக்குள் அது முரணே அல்ல, விரித்த பிறகுதான் முரண் என்பது என் பதில். பதில் நிற்குமா, விழுமா என்று சொல்வதற்கு யாராவது அதைப் படிக்க வேண்டும் அல்லவா?

இதில் பெரிய இடைஞ்சல் எதுவென்றும் நானே எழுதியிருக்கிறேன். பேச மனிதரே இல்லாத போதும் பிள்ளையார்பட்டிக் குன்று இருந்ததே, அப்போது காலம் ஓடவில்லையா? மூன்றாம் இயல் முழுவதும் இதற்குத்தான். மழைநீர் ஓடிப் பாறையில் பதியும் தடமும் ஒரு விரித்தல்தான். தடம் பதியும் இடத்தில் முன்னும் பின்னும் பிரிந்துவிடுகின்றன என்கிறேன். 'சொல்' என்பதை இவ்வளவு தூரம் நீட்டலாமா என்று அறிந்தவர்களிடம் கேட்கத்தான் அனுப்பினேன். அந்த இயலை எவரும் புரட்டவே இல்லை.

1939 முதல் கம்பன் கழகம் நடத்தும் காரைக்குடி, தமிழ்த்தாய்க்குக் கோயில் எழுப்பிய காரைக்குடி நம் பக்கத்தில் இருக்கிறது. கோட்டையூரில் ரோஜா முத்தையா தனியொருவராகச் சேர்த்துவைத்த நூல்கள் இன்று சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக நிற்கின்றன. பழையதை இவ்வளவு போற்றுகிற நமக்கு, புதிதாக ஒருவர் யோசித்ததை ஐந்து பக்கத்துக்கு மேல் புரட்டப் பொறுமை இல்லையே! என் பெயருக்கு முன்னால் முனைவர் பட்டம் இல்லை. எழுதியவள் பெண். ஊறுகாய் என்றதும் அடுப்படி நினைவுக்கு வந்துவிட்டது. ஒரு பேராசிரியர் எழுதியிருந்தால் அதே வரி இலக்கண மேற்கோளாகத் தெரிந்திருக்கும். இதை நான் வருத்தத்தோடு மட்டும் சொல்லவில்லை, கோபத்தோடும்தான் சொல்கிறேன்.

சொல் கடுமையாகப் பட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள். அதே கட்டுரையை இம்மடலோடு மீண்டும் அனுப்புகிறேன். இலக்கணமும் தத்துவமும் அறிந்த ஒருவரிடம் மூன்றாம் இயலை மட்டுமாவது தயவுசெய்து கொடுங்கள். எந்த வாதம் எந்த இடத்தில் உடைகிறது என்று அவர் நாலு வரி எழுதினால் போதும். வெளியிடச் சொல்லி வற்புறுத்த மாட்டேன். பதிலுக்குத் தபால்தலை ஒட்டிய உறையும் உள்ளே இருக்கிறது. படித்துவிட்டு மறுங்கள் என்று மறுபடியும் பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியை ஒருவர்,
தேவகோட்டை