பட்டமா, பணிமூப்பா? நடுவில் ஒரு தேர்வு இருக்கிறதே!

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அரசுப் பணியில் பதவி உயர்வுக்குப் பட்டம் வேண்டும் என்போரும் பணிமூப்பே போதும் என்போருமாக வாசகர்கள் எழுதிவருவதைப் படித்தேன். அரசு அலுவலகங்களில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவன் என்ற முறையில் எனக்கும் சொல்ல இருக்கிறது.

பழைய வண்ணாரப்பேட்டை சர் தியாகராயா கல்லூரியில் அரசு நடத்தும் போட்டித் தேர்வுப் பயிற்சி மையம் இருக்கிறது. குரூப் 4 தேர்வுக்குப் பத்தாம் வகுப்புத் தேர்ச்சி போதும். ஆனால் படிக்க வருகிறவர்களில் பி.இ., எம்.எஸ்சி. முடித்தவர்களைச் சர்வசாதாரணமாகப் பார்க்கலாம். இளநிலை உதவியாளராகச் சேர்ந்த சில வருடங்களில், "எஸ்.எஸ்.எல்.சி. படித்தவர் எனக்கு மேலதிகாரியா?" என்ற குமைச்சல் அவர்களுக்கு வந்துவிடுகிறது. வயதின் வேகம், புரிகிறது. ஆனால் அந்த நாற்காலிக்கு அரசு பட்டம் கேட்கவே இல்லையே!

காசிமேட்டுப் பெண் ஒருவர் வாரிசுச் சான்று கேட்டு வந்தார். கடலுக்குப் போன கணவர் திரும்பவில்லை, உடலும் கிடைக்கவில்லை. முதுகலை படித்த புதிய ஊழியர், "இறப்புச் சான்று இல்லாம மனு வாங்க முடியாதும்மா" என்று அனுப்பிவிட்டார். விதிப்படி சரிதான். பத்தாம் வகுப்போடு வேலைக்கு வந்த உதவியாளர் அந்தப் பெண்ணை வாசலில் மறித்து, "உக்காரும்மா. போலீஸ்ல குடுத்த புகார் காப்பி வச்சிருக்கியா?" என்று ஆரம்பித்தார். ஏழு வருடம் தகவல் இல்லாவிட்டால் சட்டம் எப்படிப் பார்க்கும், நீதிமன்றத்துக்கு எந்தக் காகிதம் வேண்டும், மீன்வளத் துறையில் எதைக் கேட்க வேண்டும் என்று ஒரு துண்டுச் சீட்டில் எழுதியே கொடுத்தார்.

அதற்காக, வருடம் கூடினால் விவரமும் கூடும் என்று நான் சாதிக்கவில்லை. மேஜைக் கண்ணாடிக்கு அடியில் பாஸ்வேர்டை எழுதி வைத்து, கணினியில் கோப்பு நடத்தும் மின் அலுவலக (இ-ஆபீஸ்) வேலை முழுவதையும் இளையவர் தலையில் கட்டிய சீனியர்களையும் பார்த்திருக்கிறேன். ஒழுங்கு நடவடிக்கை விதி 17(ஆ)வின் கீழ் பெரிய குற்றச்சாட்டு எதுவும் இல்லாமல் காலத்தை ஓட்டினால் பதவி உயர்வுப் பட்டியலில் பெயர் வந்துவிடும் என்பதுதான் அவர்களுடைய ஒரே தகுதி.

நீதிமன்றமும் ஒரேயடியாக ஒரு பக்கம் சாயவில்லை. ஜம்மு காஷ்மீர் பொறியாளர்கள் வழக்கில், பட்டதாரிகளுக்கு மட்டும் பதவி உயர்வு என்ற விதியை உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு ஏற்றது. ஆனால் 1974இல் முகமது ஷுஜாத் அலி வழக்கில், கல்வித் தகுதியை வைத்துப் பிரிப்பதெல்லாம் எப்போதும் செல்லும் என்று பொதுவிதி வகுக்க முடியாது, எந்த நோக்கத்துக்காகப் பிரிக்கிறார்கள் என்று பார்க்க வேண்டும் என்றது. பாலம் கட்டும் பொறியாளருக்குப் பட்டம் கேட்பதில் பொருள் உண்டு. கோப்பு எழுதும் உதவியாளரைக் கண்காணிப்பாளராக்க எந்தப் பட்டம்? வரலாறா, விலங்கியலா?

இந்த வாதத்தில் எல்லோரும் மறந்தது, பணியில் இருப்பவர்கள் எழுதும் துறைத் தேர்வு. அதை அரசுப் பணியாளர் தேர்வாணையம் ஆண்டுக்கு இரு முறை நடத்துகிறது. சார்நிலை அலுவலர்களுக்கான கணக்குத் தேர்வைப் புத்தகம் வைத்துக்கொண்டே எழுதலாம். புத்தகம் பார்த்து எழுதுவதற்குப் பெயர் தேர்வா என்று வெளியில் இருப்பவர்கள் சிரிப்பார்கள். எழுதியவர்களுக்குத்தான் அதன் அருமை தெரியும். எந்த விதி எங்கே இருக்கிறது என்று தெரியாதவனுக்குக் கடைசி வரை பக்கம் புரட்டத்தான் நேரம் சரியாக இருக்கும். அலுவலகத்தில் நாள்தோறும் செய்கிற வேலையும் அதுதானே?

எனவே துறைத் தேர்வை வெறும் சடங்காக விடாமல் இறுக்க வேண்டும். மின் அலுவலகத்தில் ஒரு கோப்பைத் தொடங்கி ஆணை வரை நடத்திக் காட்டும் செய்முறைத் தேர்வு ஒன்றும் சேரட்டும். தேறியவர்களுக்குள் பணிமூப்பு வரிசை இருக்கட்டும். பட்டம் அவசியம் என்று ஒரு பதவிக்கு அரசு முடிவு செய்தால், இனி சேர்பவர்களுக்கு அதை அறிவிக்கையிலேயே சொல்லிவிட வேண்டும். ஏற்கெனவே பணியில் இருப்பவர்களை அதில் இழுக்கக் கூடாது. 2024இல் வருவாய்த் துறை அலுவலர்கள் போராடியபோது, பட்டதாரி அல்லாதோரின் பதவி உயர்வைப் பாதுகாக்கக் கேட்டதும் இதனால்தான்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர்,
தண்டையார்பேட்டை, சென்னை.