பாடுகிற பாட்டு எங்கிருந்து வந்தது? – நம் கீர்த்தனைச் சங்கத்தின் 2025–26 ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும், நம்மைப் பல வருடமாகப் பொறுத்துக்கொண்டிருக்கும் சபைப் போதகர் ஐயர் அவர்களுக்கும், பாளையங்கோட்டை வெயிலில் இந்த நேரத்துக்கு வந்து உட்கார்ந்திருக்கும் உங்கள் எல்லாருக்கும் செயலாளரின் தோத்திரம்.

போன வருட அறிக்கையில் பாதி, ஆர்மோனியத்தின் துருத்தியை எலி கடித்த கதைதான் என்று சிலர் குறைப்பட்டுக்கொண்டார்கள். நியாயமான குறை. துருத்தி மாற்றியாயிற்று, ஸ்ருதி பார்த்தாயிற்று, செலவு கணக்கில் இருக்கிறது. ஆனால் அந்த எலியை இந்த வருடமும் முழுதாக விட முடியவில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

சென்ற ஆண்டுக் கூட்டத்தில் ஒரு முடிவு எடுத்தோம். மாதம் ஒரு பாட்டு. எழுதியவர் யார், எப்போது எழுதினார், மெட்டு யாருடையது, சொல்லுக்குச் சொல் என்ன பொருள் என்று பார்த்துவிட்டுத்தான் பாடுவது. வாட்ஸ்அப்பில் வந்தது ஆதாரமாகாது என்றும் சேர்த்து எழுதிக்கொண்டோம். பன்னிரண்டு கூட்டம் நடந்திருக்க வேண்டும். ஒன்று மழையில் போயிற்று, டிசம்பர் கூட்டம் வீடு வீடாகப் போய்க் கிறிஸ்துமஸ் பாட்டு பாடும் கேரல் ரவுண்ட்ஸில் போயிற்று. நடந்தது பத்து.

டிசம்பருக்கு உரிய ‘ஒப்பில்லா திரு இரா’வை (ஆங்கிலத்தில் ‘சைலன்ட் நைட்’) நவம்பரிலேயே எடுத்துக்கொண்டோம். 1818 கிறிஸ்துமஸுக்கு முந்தின இரவு, ஆஸ்திரியாவில் ஓபெர்ன்டார்ஃப் என்ற சிற்றூர் ஆலயத்தில் முதன்முதலாகப் பாடிய பாட்டு. சொற்கள் ஜோசப் மோர் என்ற இளம் குருவானவருடையவை, மெட்டு பிரான்ஸ் குரூபர் என்ற பள்ளி ஆசிரியருடையது. கூடவே ஒரு கதையும் எல்லாருக்கும் தெரியும். ஆர்கன் துருத்தியை எலி கடித்துவிட்டது, அதனால் அன்று மாலை அவசர அவசரமாகப் பாட்டு எழுதி கித்தாரில் பாடினார்கள் என்பது. கித்தார் உண்மை. ஆனால் மோர் அந்தக் கவிதையை எழுதியது 1816-இல். இரண்டு வருடம் கையில் இருந்த கவிதைக்குத்தான் அன்று மெட்டு வந்தது. எலி பிற்பாடு யாரோ சேர்த்தது. ஆக, நம் ஆர்மோனியத்தில் எலி கடித்தது நிஜம், அங்கே கடித்தது கதை.

‘இரா’ என்றால் இரவு என்பதையும் அன்றைக்குச் சொல்ல வேண்டியிருந்தது. என் பேத்தி இத்தனை நாளும் ‘ஒப்பில்லா திருவிழா’ என்றே பாடி வந்திருக்கிறாள். மெட்டுக்கும் அது கச்சிதமாகப் பொருந்துகிறது, யாருக்கும் கேட்கவில்லை. வெளிநாட்டு மெட்டில் தமிழை உட்காரவைத்தவர்கள் பட்ட பாடு இதில் தெரியும். 1706-இல் தரங்கம்பாடிக்கு வந்த ஜெர்மன் மிஷனரி சீகன்பால்கு காலத்திலேயே ஜெர்மன் ஞானப்பாட்டுகளைத் தமிழாக்கும் வேலை தொடங்கிவிட்டது. 1740-இல் வந்த பப்ரிசியுஸ் செய்த ஞானப்பாட்டுகளை லுத்தரன் சபைகளில் இன்றும் பாடுகிறார்கள். குறில் வர வேண்டிய இடத்தில் மெட்டு நீளும், நெடிலை மெட்டு நறுக்கும். அப்படியும் பாட்டு நின்றிருக்கிறது. பப்ரிசியுஸ் கடைசிக் காலத்தில் கடனுக்காகச் சிறையில் இருந்தார் என்பதை அன்று நம்மில் பலர் முதல்முறையாகக் கேட்டோம்.

‘பிளவுண்ட மலையே’ கூட்டம் நம் பொருளாளரின் கூட்டமாகிவிட்டது. அகஸ்டஸ் டாப்லடி என்ற ஆங்கிலப் போதகர் புயலில் சிக்கி ஒரு மலைப்பிளவில் ஒதுங்கினார், அங்கே கிடந்த சீட்டுக்கட்டுத் தாளில் இந்தப் பாட்டை எழுதினார் என்று பிரசங்கங்களில் கேட்டிருப்பீர்கள். டாப்லடி 1778-இல் இறந்தார். கதை பிரபலமானது அவர் இறந்து பல காலம் கழித்து. பாட்டு முழுவதுமாக அச்சில் வந்தது 1776-இல், அவரே நடத்திய பத்திரிகையில், ஒரு கட்டுரையை ஒட்டி. கட்டுரை இங்கிலாந்து அரசின் கடனைப் பற்றியது. தேசத்துக்குக் கடன் இருப்பதுபோல மனிதனுக்கும் பாவக்கடன் உண்டு என்று ஆரம்பித்து, நொடிக்கு ஒரு பாவம் என்று வைத்தால் எண்பது வயதில் 252 கோடியே 28 லட்சத்து 80 ஆயிரம் பாவம் என்று கணக்குப் போட்டிருக்கிறார். இதை அடைக்க உன்னால் முடியுமா என்று கேட்டுவிட்டுத்தான் பாட்டுக்கு வருகிறார்.

பொருளாளர் உடனே செல்போனை எடுத்து எண்பதை முன்னூற்று அறுபத்தைந்தால் பெருக்கி, இருபத்து நான்கு, அறுபது, இன்னொரு அறுபது என்று தட்டினார். கணக்கு சரியாக வந்தது. “லீப் வருசத்தை விட்டுட்டாரே, இருபது நாள் பாவம் கணக்குலயே வரல” என்றார். வங்கியில் முப்பத்து மூன்று வருடம் இருந்தவர், அப்படித்தான் பார்ப்பார். ஆனால் அதன்பிறகு ‘பிளவுண்ட மலையே’யைப் பாடினபோது எனக்குப் புயல் ஞாபகம் வரவில்லை, அடைக்க முடியாத கடன்தான் ஞாபகம் வந்தது. பாட்டின் உள்ளே இருப்பதும் அதுதானே, என் கையில் ஒன்றும் இல்லை என்பது.

ஜான் நியூட்டனின் ‘அமேசிங் கிரேஸ்’ பற்றிக் கல்லூரி மாணவி ஒருத்தி பேசினாள். அடிமைக் கப்பலில் இருந்தவர், புயலில் மனம் திரும்பினார், அன்றே அந்தத் தொழிலை விட்டார் என்றுதான் ஞாயிறு பாடசாலையில் சொல்லித் தருகிறோம். புயல் 1748-இல். அதற்குப் பிறகும் அவர் அடிமைக் கப்பல்களுக்குத் தலைவராகவே போயிருக்கிறார். கடல் தொழிலை 1754-இல் விட்டதும் உடல்நலம் கெட்டதால். போதகரானது 1764-இல், இந்தப் பாட்டு 1773 புத்தாண்டு ஆராதனைக்கு. அடிமை வியாபாரத்தைக் கண்டித்து வெளிப்படையாக எழுதியது 1788-இல். நாற்பது வருடம். அவள் தேதிகளை மட்டும் வரிசையாகப் படித்துவிட்டு உட்கார்ந்தாள். ஞாயிறு பாடசாலை அக்கா ஒருவர், “இருபது வருசமா நான் தப்பாச் சொல்லிக் கொடுத்திருக்கேனே” என்றார். ஐயர்தான், அந்த நாற்பது வருடத்தையும் சேர்த்துச் சொல்லிக்கொடுங்கள், பிள்ளைகளுக்குப் புரியும் என்றார். அடுத்த வாரம் அந்த அக்கா அப்படியே செய்தார் என்று கேள்விப்பட்டேன்.

இனி திருச்சிப் பயணம். ‘தூய தூய தூயா’ எழுதிய பிஷப் ரெஜினால்ட் ஹீபர் இறந்து இந்த ஏப்ரல் 3-ஆம் தேதியோடு 200 வருடம். அந்தத் தேதி இந்த வருடம் பெரிய வெள்ளியாக அமைந்துவிட்டதால் ஜனவரியிலேயே போய்வரத் தீர்மானித்தோம். விடியற்காலை நான்கு மணிக்குப் புறப்பட வேண்டிய வேன் ஐந்தரைக்கு வந்தது. ஏசி என்று காசு வாங்கியவர்கள் மதுரை தாண்டினதும் ஜன்னலைத் திறந்துகொள்ளச் சொன்னார்கள். அடுத்த முறை வேறு இடத்தில் வண்டி பிடிக்க வேண்டும் என்பது செயற்குழுவின் ஒருமனதான கருத்து.

ஹீபர் இங்கிலாந்தில் ஹாட்னெட் என்ற கிராமத்தில் போதகராக இருந்தபோது, வருடத்தின் ஒவ்வொரு பண்டிகைக்கும் ஏற்ற பாட்டு இல்லையே என்று தாமே எழுதத் தொடங்கினார். ‘தூய தூய தூயா’ திரித்துவ ஞாயிறுக்கு எழுதியது. வெளிப்படுத்தின விசேஷம் நாலாம் அதிகாரத்தை எடுத்து வைத்துக்கொண்டு பாட்டைப் பாருங்கள், பரிசுத்தர் பரிசுத்தர் பரிசுத்தர் என்பதிலிருந்து கண்ணாடிக்கடல் வரை அங்கிருந்து வந்தது. 1823-இல் கல்கத்தா பேராயராக வந்தார். 1826 ஈஸ்டருக்குத் தஞ்சாவூரில் இருந்தார், தமிழிலேயே ஆசீர்வாதம் கூறினார். அங்கிருந்து திருச்சி. ஏப்ரல் 3 திங்கட்கிழமை காலை கோட்டைச் சபையில் திடப்படுத்தல் ஆராதனை (ஞானஸ்நானம் பெற்றவர்களை விசுவாசத்தில் உறுதிப்படுத்துவது) நடத்திவிட்டு, தங்கியிருந்த வீட்டுக்குத் திரும்பி, வெயில் தாங்காமல் குளிக்கும் தொட்டியில் இறங்கியவர் எழவில்லை. வயது 42.

திருச்சி பரிசுத்த யோவான் ஆலயத்தில், பீடத்தருகே அவர் கல்லறை இருக்கிறது. சுற்றி நின்று பாடினோம். பாடும்போதுதான் தலைவர் ஒன்றை ஞாபகப்படுத்தினார்: பாட்டு அச்சில் வந்ததே ஹீபர் போன பிறகு, நாம் பாடும் மெட்டை ஜான் பாக்கஸ் டைக்ஸ் போட்டது 1861-இல். அதாவது, இந்தப் பாட்டை இந்த மெட்டில் ஹீபர் ஒருநாளும் கேட்டதில்லை. அவர் தலைமாட்டில் நின்று முதல்முதலாகக் கேட்கவைப்பதுபோல எனக்கு இருந்தது. சோப்ரானோ கொஞ்சம் மேலே ஏறிவிட்டது, அது வேறு விஷயம்.

திரும்பும் வழியில் தஞ்சாவூர் ஸ்வார்ட்ஸ் ஆலயத்தில் இறங்கினோம். ஜெர்மன் மிஷனரி ஸ்வார்ட்ஸ் ஐயர் மரணப் படுக்கையில் இருக்க, சரபோஜி மன்னர் பக்கத்தில் நிற்பதைக் காட்டும் பளிங்குச் சிற்பம், லண்டனில் ஃபிளாக்ஸ்மன் செதுக்கியது. அதே ஸ்வார்ட்ஸின் பராமரிப்பில் வளர்ந்த இன்னொரு பையன் நம் ஊர்க்காரன். 1774-இல் திருநெல்வேலிச் சீமையில் பிறந்து, பன்னிரண்டு வயதளவில் தஞ்சைக்குப் போன வேதநாயகம், பிற்பாடு வேதநாயக சாஸ்திரியார். அவருடைய ‘பெத்லகேம் குறவஞ்சி’யைப் பற்றி வேனிலேயே ஒரு கூட்டம் நடந்தது. குற்றாலக் குறவஞ்சி தெரிந்த நமக்கு அதை விளக்க வேண்டியதில்லை. உலா வரும் தலைவன், காதல் கொண்ட நாயகி, குறி சொல்லும் குறத்தி, பறவை பிடிக்கும் சிங்கன் எல்லாம் அங்கேயும் உண்டு. தலைவன் கிறிஸ்து, நாயகி தேவமோகினி என்ற திருச்சபை, குறத்தி விசுவாசம், ஞானச்சிங்கன் வலை போட்டுப் பிடிப்பது மனிதர்களை. கோப்பர்நிக்கஸ் சொன்ன சூரியக் குடும்பம் கூட அதில் வருகிறது. மதுரை அமெரிக்க மிஷனின் எட்வர்ட் வெப், 1853-இல் தமிழ்க் கீர்த்தனைகளைச் சபைக்கென்று தொகுத்து அச்சிட்டபோது சாஸ்திரியார் பாட்டுகளே அதற்கு முதுகெலும்பு. அதுவரை பல ஆலயங்களில் வெளிநாட்டு மெட்டுகள்தான். பல்லவி, சரணம் என்று ஞாயிற்றுக்கிழமை ஆராதனைக்குள் வந்தது அப்படித்தான்.

வருடத்தில் அதிகம் சண்டை போட்டது ‘சத்தாய் நிஷ்களமாய்’ கூட்டத்தில். எழுதியவர் எச். ஏ. கிருஷ்ணபிள்ளை, வைணவக் குடும்பம், நம் பக்கத்துக் கரையிருப்புக்காரர், 1858-இல் சென்னையில் ஞானஸ்நானம் பெற்றவர். ‘நிஷ்களம்’ என்றால் களங்கம் இல்லாதது என்று நானும் நினைத்திருந்தேன். இல்லை, பகுதிகளாகப் பிரிக்க முடியாதது, உருவம் அற்றது. சைவ சித்தாந்தத்தில் புழங்குகிற சொல். ‘சாமியம்’ ஒப்புமை. சத்து, சித்து, ஆனந்தம் மூன்றையும் அடுக்கி, அதைத் திரித்துவம் என்கிறார். பழைய வீட்டிலிருந்த பாத்திரங்களைப் புது வீட்டுக்கு எடுத்து வந்திருக்கிறார் என்று தமிழாசிரியர் ஒருவர் சொன்னார். அதோடு நிற்காமல் சுந்தரரின் ‘பொன்னார் மேனியனே’யைப் பாடிக் காட்டினார். ‘அன்னே உன்னையல்லால் இனி யாரை நினைக்கேனே’ என்று அது முடிகிறது. இது ‘அத்தா உன்னையல்லால் எனக்கு ஆர் துணை யாருறவே’ என்று முடிகிறது. நடையும் அதே நடை. அரை நிமிடம் ஒருவரும் பேசவில்லை. பிறகு ஒரே நேரத்தில் எல்லாரும் பேசினார்கள்.

‘என் பவம் தீர்ந்து’ என்பது ‘பாவம்’ என்பதன் அச்சுப்பிழை என்று ஒரு மூத்தவர் அடித்துச் சொன்னார். பவம் என்பது பிறவி, அதுவும் பழைய வீட்டுச் சொல்தான் என்றார் தமிழாசிரியர். ‘பா’ என்று நீட்டினால் சந்தம் உடைகிறது என்று பாடிப் பார்த்தவர்கள் சொன்னார்கள். ஒன்பதரை மணிக்கு வாட்ச்மேன் விளக்கை அணைத்தார். முடிவு எட்டப்படவில்லை என்று பதிவேட்டில் எழுதியிருக்கிறேன்.

இளைஞர்களைப் பற்றி இரண்டு வார்த்தை. இப்போதைய ஆராதனைப் பாட்டுகளில் ‘நான், எனக்கு, என்னை’ தவிர வேறில்லை என்று ஒரு கூட்டத்தில் நான் பேசிவிட்டேன். கீபோர்டு வாசிக்கும் தம்பி பொறுமையாகக் கேட்டுவிட்டு, “அங்கிள், ‘எனக்கு ஆர் துணை’ யார் எழுதுனது?” என்றான். பதில் இல்லை. அதன்பின் இரண்டு கூட்டம் அவர்கள் தேர்ந்தெடுத்த புதுப்பாட்டுகளுக்கு ஒதுக்கினோம். சொல்லுக்குப் பொருள் பார்க்கும் விதி அவற்றுக்கும் உண்டு. சில பாட்டு அந்த விசாரணையில் தேறியது, சில தேறவில்லை. கீர்த்தனைகளிலும் தேறாதது உண்டு, அதையும் எழுதி வைத்திருக்கிறேன்.

துக்கச் செய்தி ஒன்று. சங்கம் தொடங்கிய நாள் முதல் பேஸ் பாடிய பெரியவர் ஆகஸ்டில் தேவனிடம் சேர்ந்தார். ஊரில் எந்த வீட்டுத் துக்கத்திலும் ‘என்னோடிரும் மா நேச கர்த்தரே’ எடுத்துக்கொடுப்பவர் அவர். ஹென்றி லைட் என்பவர் 1847-இல், நோய் முற்றிச் சாவதற்குச் சில வாரங்களுக்கு முன் அதை முடித்தார் என்று எங்களுக்குச் சொன்னவரும் அவரே. காந்தியடிகளுக்குப் பிடித்த பாட்டு என்பதால் டெல்லியில் குடியரசு தின விழா முடிவில் நடக்கும் பாசறை திரும்பும் நிகழ்ச்சியில் வாசித்து வந்தார்கள், 2022-இல் நீக்கினார்கள். அன்று பெரியவர் டிவி முன்னால் உட்கார்ந்து தாமே முழுதாகப் பாடினார் என்று வீட்டில் சொன்னார்கள். அவர் அடக்கத்தில் நாங்கள் அந்தப் பாட்டை எடுத்தோம். கீழ்க்குரல் இல்லாமல் பாட்டு ஒருபக்கம் சாய்ந்தது. அந்த இடத்துக்கு இன்னும் ஆள் வரவில்லை. கட்டைக்குரல் உள்ளவர்கள் கூச்சப்படாமல் என்னைப் பாருங்கள்.

வரவு செலவைப் பொருளாளர் தனியாக வாசிப்பார், லீப் வருடம் உட்பட. சந்தா பாக்கி உள்ளவர்கள் பெயரை இங்கே படிக்கப் போவதில்லை, அவர்களுக்கே தெரியும். அலமாரியிலிருந்து எடுத்துப்போன மூன்று பாமாலைப் புத்தகமும் பழைய கீர்த்தனைப் புத்தகம் ஒன்றும் இன்னும் வரவில்லை. அந்தக் கீர்த்தனைப் புத்தகத்தில் ‘பவம்’ என்று இருக்கிறதா ‘பாவம்’ என்று இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். தயவுசெய்து அடுத்த இரண்டாம் சனிக்கிழமைக்குள் கொண்டுவந்து கொடுத்துவிடுங்கள்.

செயலாளர்